வெறுங்கால் தலைவர் சைலேன் மன்னா

பகாங் மாநிலத்துக் கேமரன் மலையில், கடல் மட்டத்திற்கு மேல் ஏறத்தாழ 1,500 மீட்டர் உயரத்தில், தேயிலைத் தோட்டங்கள் பச்சைக் கம்பளம் விரித்தாற்போல் பரந்து கிடக்கின்றன. 1885ஆம் ஆண்டில் நில அளவையாளர் வில்லியம் கேமரன் கண்டு குறித்த மலை அது. 1929இல் ஜே. ஏ. ரஸ்ஸல் அங்கே போ தேயிலைத் தோட்டத்தை நிறுவினார். காடு திருத்தியும் கொழுந்து கிள்ளியும் அம்மலையை வளமாக்கியவர்களுள் தமிழ்த் தொழிலாளர் முன்நின்றனர். அத்தகைய தோட்டங்களில் மழை ஓய்ந்த மாலை வேளையில் திடலுக்கு ஓடிப் பந்தாடும் சிறுவனுக்கு, எந்த ஆசிரியரும் கற்பிக்காத ஓர் உண்மை தெரிந்திருக்கும்: காய்ந்த தரையில் கைபோல் உதவும் வெறுங்கால், ஈரப் புல்லில் வழுக்கிக் கவிழ்த்துவிடும்.

எளிய உண்மைதான். ஆயினும், ஒரு பெரிய நாட்டின் காற்பந்தாட்ட வரலாற்றையே இவ்வுண்மை ஒருகாலத்தில் ஆட்டிப் படைத்தது. வெறுங்காலோடு ஆடி உலகை வியக்கவைத்த நாடு இந்தியா. வெறுங்காலோடு ஆடியே உலகின் முன் தலைகுனிய நேர்ந்ததும் அந்நாடே. பெருமையையும் சிறுமையையும் ஒருங்கே தோளில் தாங்கி நின்றவர் வங்காளத்தைச் சேர்ந்த பின்காவலர் சைலேன் மன்னா. "காலணி இல்லாததால்தான் இந்தியா உலகக் கிண்ணத்திற்குப் போக முடியவில்லை" என்று பள்ளிகளிலும் பத்திரிகைகளிலும் வழங்கிவரும் கதை எவ்வளவு உண்மை என்பதற்கும் அவருடைய வாழ்க்கையிலேயே விடை கிடைக்கிறது.

ஹௌராவில் பிறந்தவர்

கல்கத்தா நகருக்கு எதிரே, ஹூக்ளி ஆற்றின் மறுகரையில் அமைந்திருப்பது ஹௌரா. அந்நகரின் பாண்ட்ரா பகுதியில் 1924ஆம் ஆண்டு செப்டம்பர் 1ஆம் நாள் சைலேந்திரநாத் மன்னா பிறந்தார். 1940இல் ஹௌரா யூனியன் கழகத்தில் ஆடத் தொடங்கிய அவர், 1942இல் புகழ்பெற்ற மோகன் பகான் கழகத்தில் சேர்ந்தார். சேர்ந்தவர் 1960இல் ஓய்வு பெறும்வரை வேறு கழகத்தின் வாசலை மிதிக்கவில்லை.

மோகன் பகான் என்ற பெயருக்கு வங்காளத்தில் தனி மதிப்பு உண்டு. 1889இல் தோன்றிய அக்கழகம், 1911ஆம் ஆண்டு ஜூலை 29ஆம் நாள் ஐ.எப்.ஏ. கேடயத்தின் இறுதி ஆட்டத்தில் கிழக்கு யார்க்ஷயர் படைப்பிரிவினரை 2-1 என்ற கணக்கில் வென்றது. வெள்ளையர் படையினர் கனத்த காலணி அணிந்திருந்தனர். மோகன் பகான் வீரர் பதினொருவருள் ஒருவரைத் தவிர ஏனையோர் வெறுங்காலினர். அடிமைப்பட்டிருந்த நாட்டில் அவ்வெற்றி ஒரு விளையாட்டு வெற்றியாக மட்டும் கருதப்படவில்லை. வெறுங்கால் அன்றே தேசப்பற்றின் சின்னமாகிவிட்டது. மன்னா அக்கழகத்தின் சட்டையை அணிந்தபோது இந்தப் பழம்பெருமையும் அவருடன் சேர்ந்துகொண்டது.

ஆனால் கல்கத்தாவிலேயே மறுபக்கத்தைக் கண்டவர்களும் இருந்தனர். 1934 முதல் 1938 வரை தொடர்ந்து ஐந்து ஆண்டுகள் கல்கத்தா லீக் பட்டத்தை வென்ற முகமதன் ஸ்போர்ட்டிங் கழகத்தினர், மழைக்காலத்தில் திடல் நனைந்திருக்கும் நாட்களில் காலணி அணிந்து ஆடினர். அவர்களுடைய தொடர் வெற்றிக்கு இதுவும் ஒரு காரணம். ஈரத் திடலில் வெறுங்கால் ஈடுகொடுக்காது என்ற பாடம் உலகத் திடல்களுக்குச் செல்லும் முன்பே உள்ளூரில் எழுதப்பட்டிருந்தது. அதனைப் படித்தவர் சிலரே.

பின்காவலரின் பணி

காற்பந்தாட்டத்தில் பந்தைக் கோலுக்குள் செலுத்துபவர் பெயரே மக்கள் நாவில் நிலைக்கிறது. பின்காவலரின் வேலை அத்தகையதன்று. ஆபத்து நேராமல் காப்பதே அவர் தொழில். அவர் திறம்படக் காத்தால் திடலில் எதுவுமே நிகழ்ந்ததாகத் தோன்றாது; ஒருமுறை தவறினால் பல்லாயிரம் கண்கள் அதனைக் காணும். வயலுக்கு வரப்பு எப்படியோ, குழுவுக்குப் பின்காவலர் அப்படி. விளைச்சலைப் புகழ்வோர் வரப்பைப் பேசுவதில்லை. வரப்பு உடைந்த அன்றுதான் அதன் அருமை தெரியும்.

மன்னா ஆடிய காலத்தில் இந்தியக் குழுக்கள் பெரும்பாலும் பழைய முறையையே பின்பற்றின. கோல் காவலருக்கு முன் இரண்டு பின்காவலர், அவர்களுக்கு முன் மூன்று இடைநிலை ஆட்டக்காரர், அதற்கும் முன்னால் ஐந்து தாக்குநர் என்பது அம்முறை. ஐவர் திரண்டு வரும் தாக்குதலை இறுதியில் எதிர்கொள்ள வேண்டியவர் இருவரே. அவ்விருவருள் இடப்பக்கத்தைக் காத்தவர் மன்னா. எதிரி எங்கே பந்தைத் தள்ளுவான் என்பதை முன்கூட்டி அறிந்து, அவ்விடத்தில் போய் நிற்பதே அவருடைய கலை. விதிமீறலுக்காகக் கிடைக்கும் உதைகளை வலிமையோடும் குறி தவறாமலும் அடிப்பதில் வல்லவர் என்ற பெயரும் அவருக்கு இருந்தது. அத்தகையவர் வாழ்வில் மறக்க முடியாத ஒரு தவறு, குறி தவறிய உதையினாலேயே நேர்ந்தது.

இலண்டனில் தவறிய உதை

1948ஆம் ஆண்டு இலண்டன் மாநகரில் ஒலிம்பிக் விளையாட்டுகள் நடைபெற்றன. விடுதலை பெற்று ஓராண்டே ஆகியிருந்த இந்தியா, நாகர் இனத்தைச் சேர்ந்த மருத்துவர் தாலிமேரன் ஆவோவின் தலைமையில் ஒரு காற்பந்துக் குழுவை அனுப்பியது. ஜூலை 31ஆம் நாள், இலண்டனை அடுத்த இல்ஃபோர்டில் உள்ள கிரிக்கிள்ஃபீல்டு திடலில் இந்தியா பிரான்சை எதிர்த்தது. இந்தியரில் பெரும்பாலோர் காலில் துணிக்கட்டு மட்டுமே சுற்றியிருந்தனர். ஆங்கிலேய மக்கள் அக்காட்சியைக் கண்டு முதலில் திகைத்தனர், பின்னர் ஆரவாரித்தனர்.

முப்பதாம் நிமிடத்தில் பிரான்சு முந்திக்கொண்டது. எழுபதாம் நிமிடத்தில் தென்னிந்திய வீரரான சாரங்கபாணி ராமன் ஒரு கோல் போட்டு ஆட்டத்தைச் சமன் செய்தார். விடுதலை பெற்ற இந்தியா அனைத்துலக ஆட்டத்தில் போட்ட முதல் கோல் அதுவே. அன்று இந்தியாவுக்கு இரண்டு பெனால்டி உதைகள் கிடைத்தன. இரண்டும் வீணாயின. அவற்றுள் ஒன்றை அடித்தவர் மன்னா. ஆட்டம் முடிய ஒரு நிமிடம் இருக்கும்போது பிரான்சு இரண்டாவது கோலைப் போட்டது. இந்தியா 1-2 என்ற கணக்கில் தோற்றது.

தோற்ற குழுவைப் பார்வையாளர் வாழ்த்தி அனுப்பினர். ஆறாம் ஜார்ஜ் மன்னர் மன்னாவைச் சந்தித்தபோது, "உம் கால்கள் எஃகினால் ஆனவையோ?" என்ற பொருள்பட வினவினார் என்று ஒரு கதை இன்றும் சொல்லப்படுகிறது. கதை எப்படியாயினும், தவறிய அந்த உதை அவருடைய ஆட்ட வாழ்வை முடித்துவிடவில்லை. அடுத்த சில ஆண்டுகளில் நாட்டின் தலைமைப் பொறுப்பு அவரிடமே வந்து சேர்ந்தது. ஒரு தவறுக்காக ஒருவரை ஒதுக்காத குழுவும், ஒரு தவறால் ஒடுங்காத வீரரும் ஒன்றுசேர்ந்ததன் பயன் டில்லியில் தெரிந்தது. அதற்குமுன் பிரேசில் பற்றிய கதையைத் தெளிவாக்கிக்கொள்வது நலம்.

பிரேசிலுக்குப் போகாத கதை

1950ஆம் ஆண்டின் உலகக் கிண்ணப் போட்டி பிரேசில் நாட்டில் நடைபெற்றது. தகுதிச் சுற்றில் இந்தியாவுடன் மோத வேண்டிய பர்மா, இந்தோனேசியா, பிலிப்பைன்ஸ் ஆகிய நாடுகள் விலகிக்கொண்டமையால், ஓர் ஆட்டமும் ஆடாமலே இந்தியாவுக்கு இடம் கிடைத்தது. சுவீடன், இத்தாலி, பராகுவே ஆகியவற்றோடு ஒரே பிரிவில் இந்தியாவும் சேர்க்கப்பட்டது. ஆனால் இந்தியா போகவில்லை.

வெறுங்காலுடன் ஆட அனுமதி மறுக்கப்பட்டதே காரணம் என்ற கதை பின்னாளில் பரவி வேரூன்றிவிட்டது. அன்றைய இந்தியக் காற்பந்துச் சங்கம் கூறிய காரணங்கள் வேறு. ஆட்டக்காரர் தேர்வில் கருத்து வேற்றுமை, பயிற்சிக்குப் போதிய காலமின்மை என்பனவே அவை. கப்பலில் நெடுநாள் செல்ல வேண்டிய தொலைவும் தயக்கத்தை வளர்த்தது. இவற்றினும் ஆழமான காரணத்தைப் பிற்காலத்தில் மன்னாவே எடுத்துரைத்தார். அக்காலத்தில் ஒலிம்பிக்கே தங்களுக்கு எல்லாமாக இருந்தது. உலகக் கிண்ணத்தைப் பற்றி யாரும் பெரிதாக எண்ணவில்லை என்பது அவர் கூற்றின் சாரம். காலணி விதி தடையாக இருந்திருப்பின் முதலில் அதனைச் சொல்லியிருக்க வேண்டியவர் அவரல்லவா?

இந்தியா மட்டுமே அவ்வாறு செய்தது என்பதற்கில்லை. துருக்கி, தகுதிச் சுற்றில் சிரியாவை 7-0 என்று வென்றும் பிரேசிலுக்குப் போகாமல் நின்றது. ஸ்காத்லாந்தும் தனக்குரிய இடத்தை வேண்டாமென்றது. உலகக் கிண்ணத்திற்கு இன்றுள்ள மதிப்பை அன்றைய நாட்களின்மேல் ஏற்றிப் பார்ப்பதால்தான் "காலணி இல்லாததால் இழந்தோம்" என்ற கதை இனிக்கிறது. அக்கதை நாட்டின் ஏழ்மைக்காக இரங்கச் செய்கிறது. ஆனால் வாய்ப்பின் அருமையை உணராமல் விட்ட குறையை மறைத்துவிடுகிறது. மாணவருக்கு வரலாறு சொல்லும் ஆசிரியர் இவ்வேறுபாட்டை எடுத்துக்காட்டுதல் தக்கது.

டில்லியில் பெற்ற தங்கம்

1951ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில் முதலாவது ஆசிய விளையாட்டுப் போட்டிகள் புதுடில்லியில் நடைபெற்றன. காற்பந்தாட்டத்தில் இந்தியா, ஈரான், ஜப்பான், ஆப்கானிஸ்தான், இந்தோனேசியா, பர்மா ஆகிய ஆறு நாடுகள் கலந்துகொண்டன. ஹைதராபாத்தைச் சேர்ந்த சையது அப்துல் ரஹீம் இந்தியக் குழுவின் பயிற்றுநர், மன்னா தலைவர்.

இந்தியா இந்தோனேசியாவையும் ஆப்கானிஸ்தானையும் தலா 3-0 என்ற கணக்கில் வென்றது. மார்ச் 10ஆம் நாள் இறுதி ஆட்டத்தில் ஈரான் எதிர்த்து நின்றது. மேவாலால் போட்ட ஒரே கோலால் இந்தியா 1-0 என்று வென்று தங்கப் பதக்கம் பெற்றது. மேவாலாலின் கோலை எல்லாரும் நினைவில் வைத்திருக்கின்றனர். கணக்கின் மறுபக்கத்தை நோக்குவோர் குறைவு: மூன்று ஆட்டங்களிலும் இந்தியாவின் வலைக்குள் ஒரு பந்துகூடப் புகவில்லை. பின்காவலர் ஒருவர் தலைமை தாங்கிய குழுவுக்கு இதைவிடப் பொருத்தமான நற்சான்று வேறில்லை.

ஹெல்சிங்கி கற்பித்த பாடம்

அடுத்த ஆண்டே சோதனை வந்தது. 1952 ஜூலையில் பின்லாந்தின் தலைநகரான ஹெல்சிங்கியில் ஒலிம்பிக் விளையாட்டுகள் நடைபெற்றன. அங்கே ஜூலை மாதமும் கல்கத்தாவாசிக்குக் குளிர்காலம்போலவே தோன்றும். ஜூலை 15ஆம் நாள் மன்னாவின் தலைமையில் இந்தியக் குழு யூகோஸ்லாவியாவை எதிர்த்தது. அன்றும் இந்திய வீரர் பலர் வெறுங்காலுடனேயே இறங்கினர். பந்துக்காக ஓடித் திரும்பும்போதெல்லாம் கால் நிலைகொள்ளவில்லை. யூகோஸ்லாவியா பத்து கோல்களைப் போட்டது. ஆட்டம் முடியும் தறுவாயில் அகமது கான் இந்தியாவுக்காக ஒரு கோல் போட்டார். முடிவு 1-10. இந்தியக் காற்பந்து வரலாற்றின் மிகப் பெரிய தோல்விகளுள் அது ஒன்று.

எதிரியின் வலிமையையும் எண்ணிப் பார்க்க வேண்டும். அவ்வாண்டு யூகோஸ்லாவியா இறுதி ஆட்டம்வரை சென்று, அங்கேரியிடம் மட்டுமே தோற்று வெள்ளிப் பதக்கம் பெற்றது. அதே அங்கேரி கால் இறுதியில் துருக்கியை 7-1 என்று முறியடித்தது. துருக்கியர் வெறுங்காலினர் அல்லர். ஆகவே இந்தியாவின் தோல்வியை வெறுங்காலின்மேல் மட்டும் சுமத்துவது நேர்மையாகாது. இந்தியாவில் உள்நாட்டு ஆட்டங்கள் 90 நிமிடத்திற்குக் குறைவாகவே நடைபெற்று வந்தன. முழு நேரமும் ஓடி ஆடும் பழக்கம் வீரர்களுக்கு இல்லை. ஐரோப்பியர் மூன்று பின்காவலரை நிறுத்தித் தற்காப்பை வலுப்படுத்தியிருந்த காலத்தில், இந்தியர் பழைய இருவர் முறையையே நம்பியிருந்தனர். வெறுங்கால் கண்ணுக்குத் தெரிந்த குறை. ஏனையவை கண்ணுக்குத் தெரியாத குறைகள்.

எனினும், கண்ணுக்குத் தெரிந்த குறையே முதலில் திருந்தியது. குழு தாயகம் திரும்பியதும் இந்தியக் காற்பந்துச் சங்கம் காலணி அணிவதைக் கட்டாயமாக்கியது. 1911இல் நாட்டுப்பற்றின் சின்னமாயிருந்த வெறுங்கால், 1952இல் விடைபெற்றது. ஒருகாலத்தில் வீரத்தின் அடையாளமாக இருந்ததைக் காலம் மாறியபின் கைவிடுவதற்கும் ஒருவகை வீரம் வேண்டும். துருக்கியும் அடியிலிருந்து பாடம் கற்றது. 1956 பிப்ரவரி 19ஆம் நாள் இஸ்தான்புல் நகரில் அதே அங்கேரியை அது 3-1 என்று வென்று உலகை வியப்பில் ஆழ்த்தியது.

விதைத்தவர் ஒருவர், அறுத்தவர் வேறொருவர்

பத்து கோல் வாங்கிய குழுவின் தலைவர் என்ற பழியோடு மன்னா மறைந்துவிடவில்லை. 1953ஆம் ஆண்டில் இங்கிலாந்துக் காற்பந்துச் சங்கத்தின் ஆண்டுமலர், உலகின் சிறந்த பத்துக் குழுத்தலைவர்களுள் ஒருவராக அவரைக் குறிப்பிட்டது. இங்கே ஒரு நுட்பம் உண்டு. வெற்றியில் தலைவர் போல் நிற்பது எளிது. பத்தாவது கோலும் புகுந்தபின், வலையிலிருந்து பந்தை எடுத்துவந்து, நடுவரோடு சண்டையிடாமல், தோழரைக் கடிந்துகொள்ளாமல் மீண்டும் ஆட்டத்தைத் தொடங்குவதிலேதான் தலைமை எதுவென்று தெரியும்.

அவர் தலைமையில் 1953இல் மோகன் பகான் முதன்முறையாக டூரண்ட் கிண்ணத்தை வென்றது. 1954இல் கல்கத்தா லீக் பட்டத்தையும் ஐ.எப்.ஏ. கேடயத்தையும் ஒரே ஆண்டில் பெற்றது. இந்தியா, பாகிஸ்தான், இலங்கை, பர்மா ஆகிய நான்கு நாடுகள் மோதிய கொழும்புக் கிண்ணத்தில் 1952 முதல் 1955 வரை இந்தியாவே முன்நின்றது. முதலாண்டில் மட்டும் பாகிஸ்தானுடன் பட்டத்தைப் பகிர்ந்துகொண்டது. 1954இல் மணிலாவில் நடந்த ஆசிய விளையாட்டில் மன்னாவின் குழு ஜப்பானை வென்றபோதிலும் இந்தோனேசியாவிடம் தோற்று முதற்சுற்றோடு வெளியேறியது. ஏற்றமும் இறக்கமும் மாறி மாறி வந்தன.

1956இல் மெல்பர்ன் ஒலிம்பிக்குக்குச் சென்ற குழுவில் மன்னா இல்லை. காலணி அணிந்த புதிய தலைமுறை ரஹீமின் பயிற்சியில் அங்கே ஆஸ்திரேலியாவை 4-2 என்று வென்றது. நெவில் டிசூசா மூன்று கோல்களைப் போட்டார். ஒலிம்பிக் காற்பந்தில் அரை இறுதியை எட்டிய முதல் ஆசிய நாடு என்ற பெருமை இந்தியாவுக்கு வாய்த்தது. முடிவில் நான்காம் இடம் கிடைத்தது. 1962இல் ஜகார்த்தா ஆசிய விளையாட்டின் இறுதி ஆட்டத்தில் தென்கொரியாவை 2-1 என்று வென்று இந்தியா மீண்டும் தங்கம் பெற்றது. அன்று கோல் காத்தவர் பீட்டர் தங்கராஜ் என்னும் தமிழர். கோல் போட்ட இருவருள் ஒருவரான ஜர்னைல் சிங், தலையில் காயத்தோடு முன்வரிசையில் ஆடிய பின்காவலர். இந்த அறுவடைக்கு உரிய விதை ஹெல்சிங்கியின் தோல்வியிலேயே இடப்பட்டது. விதைத்த மன்னாவின் கையில் கதிர் கிட்டவில்லை.

ஊதியம் கருதா ஆட்டம்

மன்னா காற்பந்தைத் தொழிலாகக் கொண்டவர் அல்லர். இந்திய நிலவியல் ஆய்வுத் துறையில் பணியாற்றி அந்த வருவாயில் வாழ்ந்தார். ஆட்டக்காரர் கழகம் விட்டுக் கழகம் தாவுவது கல்கத்தாவில் அக்காலத்திலும் புதிதன்று. அத்தகைய நகரில் 1942 முதல் 1960 வரை ஒரே கழகத்தில் நிலைத்து நின்றதும், 1950 முதல் 1955 வரை அதன் தலைவராக விளங்கியதும் அவருடைய மனப்பாங்கைக் காட்டுகின்றன.

அரசு 1971இல் அவருக்குப் பத்மஸ்ரீ விருதளித்தது. 2000ஆம் ஆண்டில் இந்தியக் காற்பந்துச் சங்கம் அவரை ஆயிரமாண்டின் ஆட்டக்காரர் என்று பாராட்டியது. 2001இல் மோகன் பகான் கழகம் 'மோகன் பகான் ரத்னா' விருதை வழங்கியது. 2012ஆம் ஆண்டு பிப்ரவரி 27ஆம் நாள், 87ஆம் வயதில் கல்கத்தாவில் அவர் காலமானார்.

தோட்டத்துத் திடலுக்கு ஒரு சொல்

மலேசியத் தமிழர்க்கும் பின்காவலர் பெருமை அயலானதன்று. 1972ஆம் ஆண்டு மூனிக் ஒலிம்பிக்கில் ஆடிய மலேசியக் குழுவின் தற்காப்பில் எம். சந்திரன் இடம்பெற்றிருந்தார். அக்குழு மேற்கு ஜெர்மனியிடம் 0-3 என்றும் மொராக்கோவிடம் 0-6 என்றும் தோற்றது. அமெரிக்காவை 3-0 என்று வென்றது. தோல்வி, வெற்றி, மீண்டும் தோல்வி என்று மாறி வந்த மூன்று ஆட்டங்கள் அவை. அத்தகைய போட்டியைத் தாங்கி நிற்பவருக்கு முதலில் வேண்டுவது மனஉறுதி.

சைலேன் மன்னாவின் வாழ்வு வெறுங்காலைப் போற்றும் கதையுமன்று, பழிக்கும் கதையுமன்று. வெறுங்கால் ஒரு காலத்தின் நிலைமை. அந்நிலைமையில் இயன்றதையெல்லாம் செய்தவர் மன்னா. பெனால்டி உதையைத் தவறவிட்டார்; மூன்று ஆண்டுக்குப்பின் தங்கப் பதக்கம் பெற்றார்; அடுத்த ஆண்டே பத்து கோல்களைக் கண்டார்; அதன்பின்னும் இரண்டு ஆண்டுகள் நாட்டின் குழுவை நடத்திச் சென்றார். கேமரன் மலைத் தோட்டத்தில் ஈரப் புல்லில் சறுக்கி விழுந்து, சேற்றைத் துடைத்துக்கொண்டு மீண்டும் தன் இடத்தில் போய் நிற்கும் சிறுவனுக்கு, இலண்டனிலும் ஹெல்சிங்கியிலும் விழுந்தெழுந்த இந்த ஹௌராக்காரர் நெடுந்தொலைவில் இருப்பவர் அல்லர்.